அண்ணாச்சி கடையில் 24 பெட்டிகள்

போன மாதம் மகன் வீட்டுக்குப் புது டிவி வந்தது. 55 அங்குலம். ஆன்லைனில் வாங்கியது. கொண்டுவந்த இரண்டு பையன்களும் பெட்டியை நிமிர்த்திப் பிடித்தபடியே மாடிப்படி ஏறினார்கள். அட்டைப்பெட்டி மேல் அச்சடித்திருந்த அம்புக்குறி வானத்தைப் பார்த்தே இருந்தது. நான் வாசலில் நின்று அதையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

"என்னப்பா அப்படிப் பாக்கறீங்க?" என்றான் மகன்.

"படுக்கப் போடாம தூக்கிட்டு வர்றாங்க பாரு" என்றேன்.

அவனுக்கு ஒன்றும் புரியவில்லை. அந்த ஒரே ஒரு விஷயத்தை லாரிக்காரர்களுக்கும் கடைப் பையன்களுக்கும் சொல்லிப் புரியவைக்க எங்களுக்கு மூன்று வருடம் ஆனது என்று அவனிடம் எப்படிச் சொல்வது? சொன்னாலும், அதற்குப் பின்னால் இருக்கும் இன்னொரு கதையையும் சொல்ல வேண்டியிருக்கும். அதை இதுவரை வீட்டில் யாரிடமும் சொன்னதில்லை. இங்கே எழுதிவிடுகிறேன்.

2006-ல் நான் மதுரைக் கிளையின் மேலாளர். மதுரையிலிருந்து தெற்கே கன்னியாகுமரி வரை எங்கள் எல்லை. நிறுவனம் ஜப்பானியருடையது. பெயர் வேண்டாம். வருடாந்திரக் கூட்டங்களில் ஓர் உலக வரைபடத்தைத் திரையில் போடுவார்கள். அதில் இந்தியா மேல் மட்டும் பெரிய அம்புக்குறி ஒன்று மேல்நோக்கி ஏறிக்கொண்டிருக்கும். 'வேகமாக வளரும் வெளிநாட்டுச் சந்தை' என்று அடியில் எழுதியிருக்கும். அருப்புக்கோட்டையும் சங்கரன்கோவிலும் வெளிநாடு என்று நினைக்கும்போது எனக்குச் சிரிப்பு வரும். ஆனால் தலைமையகத்தில் உட்கார்ந்திருப்பவருக்கு அது வெளிநாடுதானே.

அந்த வெளிநாட்டில் தட்டைத் திரை டிவி விற்பது எங்கள் வேலை. 32 அங்குல எல்.சி.டி. அப்போது 60,000 ரூபாய்க்கு மேல். அதே கடையில், அதே அலமாரியில், 21 அங்குல டியூப் டிவி 8,000 அல்லது 9,000 ரூபாய்க்குக் கிடைக்கும். விலை மட்டும்தான் தடை என்று நினைத்தால் அது தவறு. முதல் தடை பெயர். ஏழெட்டு வருடம் முன்பே பிக்சர் டியூபின் முகத்தை மட்டும் தட்டையாக்கி 'பிளாட் டிவி' என்று எல்லா நிறுவனங்களும் விற்றுத் தீர்த்திருந்தோம். முன்பக்கம் தட்டை, பின்பக்கம் பழைய பானை வயிறு. இப்போது போய் "பிளாட் டிவி வாங்குங்கள்" என்றால், "அதுதான் எங்க வீட்ல இருக்கே" என்பார்கள். கடைசியில் 'சுவத்துல மாட்டுற டிவி' என்று சொன்னால்தான் புரிந்தது.

இரண்டாவது தடை ஷோகேஸ். நம் ஊர்ப்பக்கம் 1990-களில் கட்டிய வீடுகளின் முன்னறையில், சுவரோடு சேர்த்து ஒரு ஷோகேஸ் இருக்கும். நடுவில் டிவிக்கு ஒரு குழி, சுற்றிலும் கண்ணாடிக் கதவுக்குள் கோப்பைகள், பொம்மைகள், கல்யாணப் போட்டோ. அந்தக் குழி 21 அங்குல டியூப் டிவிக்கு அளவெடுத்துக் கட்டியது. 32 அங்குல அகலத் திரை அதற்குள் போகவே போகாது. டிவி வாங்க வந்தவர் கொத்தனாரையும் தச்சரையும் கூப்பிட வேண்டும் என்று தெரிந்ததும் "யோசிச்சுச் சொல்றேன்" என்று போய்விடுவார்.

ஜப்பானிலிருந்து ஒரு பொறியாளர் இதைப் பார்க்கவே வந்தார். நல்ல மனிதர், அதிகம் பேசமாட்டார். மதுரையிலும் விருதுநகரிலும் இரண்டு நாள் வீடு வீடாக அழைத்துப் போனேன். ஷோகேஸ் குழிகளை டேப் வைத்து அளந்து நோட்டில் எழுதிக்கொண்டார். பிறகு திடீரென்று மேலே பார்த்து, ஃபேனை முழு வேகத்தில் வைக்கச் சொன்னார். வாசற்கதவு திறந்திருந்தது. தெருவில் ஆட்டோ, பக்கத்தில் கோவில் ஒலிபெருக்கி. டிவியில் பேசுவது கேட்கவில்லை. எங்கள் புது டிவி ஒல்லியாக வேண்டும் என்பதற்காக அதன் ஸ்பீக்கரையும் ஒல்லியாக்கியிருந்தார்கள். கதவை மூடிக்கொண்டு அமைதியான அறையில் பார்க்கிறவர்களுக்குச் செய்த டிவி அது. அவர் போன பிறகு இரண்டு மூன்று வருடத்தில் சிறிய அளவுகளும் சத்தம் கூடின மாடல்களும் வந்தன. அந்த நோட்டுக்கும் அதில் கொஞ்சம் பங்கு இருக்கும் என்று நினைத்துக்கொள்வேன்.

மூன்றாவது தடை கேபிள். கடையில் டிவிடி போட்டுக் காட்டும்போது படம் கண்ணாடி மாதிரி இருக்கும். வீட்டுக்குப் போய்த் தெருக் கேபிளை மாட்டினால், ஒரே புள்ளி புள்ளி. சின்ன டியூப் டிவி மறைத்து வைத்திருந்த அழுக்கையெல்லாம் பெரிய திரை எடுத்துக் காட்டிவிடும். போதாக்குறைக்கு, சதுரமாக வரும் படத்தை அகலத் திரைக்கு இழுத்து நிரப்புவதால் முகமெல்லாம் உப்பிப்போய்த் தெரியும். "அறுபதாயிரம் குடுத்து வாங்கினேன், செய்தி வாசிக்கற பொண்ணுக்கு அம்மைக்கட்டு வந்த மாதிரி இருக்கே" என்று ஒருவர் போன் செய்தார். ரிமோட்டில் ஒரு பொத்தானை அழுத்தினால் படம் சரியான அளவுக்கு வந்துவிடும். ஆனால் அப்போது இரண்டு பக்கமும் கறுப்புப் பட்டை விழும். "காசு குடுத்த திரையை ஏன் சும்மா விடணும்?" என்பார்கள்.

இத்துடன் உடைசல். டியூப் டிவியை எப்படிப் போட்டாலும் வந்து சேரும். எல்.சி.டி. பெட்டியைப் படுக்கப்போட்டு, அதன் மேல் நான்கு மிக்ஸி பெட்டியை அடுக்கினால், திரை உள்ளேயே கீறல் விட்டிருக்கும். வெளியே அட்டை மடங்கியிருக்காது. மாட்டி, சுவிட்சைப் போடும்போதுதான் தெரியும். டிவியின் விலையில் பெரும்பங்கு அந்தத் திரைதான் என்பதால், திரை உடைந்தால் எல்லாம் போச்சு. குட்டி யானை வண்டிக்காரர்களுக்குத் தனியாக வகுப்பே எடுத்தோம்.

இவையெல்லாம் சொல்லிச் சிரிக்கக்கூடிய கஷ்டங்கள். ஒரு விஷயம் மட்டும் சிரிப்பில் சேராது. அது விலை இறங்கும் விதம்.

எல்.சி.டி. திரையை ஒவ்வொன்றாகச் செய்வதில்லை. பெரிய கண்ணாடித் தகட்டில் செய்து பிறகு துண்டு போடுவார்கள். ஆறாம் தலைமுறை ஆலை என்றால் ஒரு தகட்டில் 32 அங்குலத் திரை 8 வரும். ஏழாம் தலைமுறையில் 12 வரும். 2006-ல் ஷார்ப் நிறுவனம் ஜப்பானின் கமேயாமாவில் எட்டாம் தலைமுறை ஆலையைத் தொடங்கியது. கொரியாவிலும் தைவானிலும் இதே போட்டி. எங்கோ ஒரு புது ஆலை ஓடத் தொடங்கினால் திருநெல்வேலியில் விலை இறங்கும். டியூப் டிவி அரிசி வியாபாரம் என்றால், எல்.சி.டி. கீரை வியாபாரம். இருப்பில் வைத்திருக்கும் ஒவ்வொரு நாளும் நஷ்டம்.

இது எங்களுக்குத் தெரியும். பல வருடம் டியூப் டிவி விற்றுப் பழகிய டீலருக்குத் தெரியாது. கதை இங்கேதான் தொடங்குகிறது.

திருநெல்வேலியிலிருந்து ஒரு மணி நேரம் போனால் ஒரு ஊர். அங்கே கடைவீதியில் அண்ணாச்சி கடை. ரேடியோ காலத்தில் தொடங்கிய கடை. என்னைவிடப் பன்னிரண்டு வயது மூத்தவர். வெள்ளைச் சட்டை, கல்லாவுக்கு மேலே அவர் அப்பாவின் படம், எப்போது போனாலும் பக்கத்துக் கடையிலிருந்து காபி. ஒரு செக் திரும்பியது கிடையாது. என்னைத் 'தம்பி' என்றே கூப்பிடுவார். மேலாளர் ஆன பிறகும் மாற்றவில்லை. எனக்கும் அதுவே பிடித்திருந்தது.

2006-ல் அவர் வியாபாரம் அடி வாங்கியது. அந்த வருடம் ஆட்சிக்கு வந்த தி.மு.க. அரசு, தேர்தலில் சொன்னபடி இலவச வண்ணத் தொலைக்காட்சித் திட்டத்தைச் செப்டம்பர் 15 அன்று தொடங்கியது. 14 அங்குல டிவி. பிறகு வந்த வருடங்களில் ஒன்றரைக் கோடிக்கும் மேல் கொடுத்தார்கள். எங்கள் பக்கம் உடனே வந்துவிடவில்லை. ஆனால் வரும் என்று தெரிந்த பிறகு யார் காசு கொடுத்துச் சின்ன டிவி வாங்குவார்கள்? அண்ணாச்சி கடையில் 14 அங்குலமும் 20 அங்குலமும் தூசி படிந்து உட்கார்ந்திருந்தன. ஏழை வீட்டுக்கு டிவி போய்ச் சேருவதில் அவருக்கு வருத்தமில்லை. "நல்லதுதான் தம்பி. நம்ம பொழப்புக்கு வேற வழி பாக்கணும், அவ்வளவுதான்" என்றார்.

அந்த வேற வழியை நான் காட்டினேன்.

2007 மார்ச் 13 அன்று மேற்கிந்தியத் தீவுகளில் உலகக் கோப்பை கிரிக்கெட் தொடங்க இருந்தது. நம் நேரப்படி மாலை ஏழு மணிக்கு ஆட்டம். 2003 உலகக் கோப்பையில் இந்தியா இறுதிப் போட்டி வரை போனபோது டிவி விற்ற வேகம் எல்லோருக்கும் நினைவிருந்தது. டெல்லி அலுவலகத்திலிருந்து தினமும் போன். உலகக் கோப்பை மட்டுமல்ல, மார்ச் 31 எங்கள் கணக்கு வருட முடிவு. ஜப்பானிலும் அதுவே முடிவு. இரண்டும் ஒரே மாதத்தில்.

வெளியில் இருப்பவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். நிறுவனத்தின் கணக்கில் 'விற்பனை' என்பது டிவி உங்கள் வீட்டுக்கு வருவது அல்ல. டீலர் பெயரில் பில் போட்டு அவர் கோடவுனில் இறக்கிவிட்டால், அதுவே விற்பனை. பிரைமரி என்போம். அங்கிருந்து அது யார் வீட்டுக்காவது போகிறதா, அங்கேயே இருக்கிறதா என்பது அடுத்த மாதக் கவலை. வரைபடத்தில் ஏறிய அந்த அம்புக்குறி பிரைமரியால் ஏறியது.

மார்ச் முதல் வாரம் அண்ணாச்சி கடையில் உட்கார்ந்து 24 பெட்டிக்கு ஆர்டர் எழுதினேன். 32 அங்குலம் 20, நாற்பது அங்குலம் 4.

"இருவதா? மாசம் ரெண்டு வித்தாலே எனக்குப் பெரிசு, தம்பி."

"இந்த மாசம் அப்படி இல்ல அண்ணாச்சி. இந்தியா சூப்பர் எட்டுக்குப் போயிட்டா ஏப்ரல் முழுக்க மேட்ச். சரக்கு கேட்டா என்கிட்டயே இருக்காது."

"விலை எறங்கிட்டுன்னா?"

"இறங்கினா கம்பெனி பாத்துக்கும். நான் இருக்கேன்ல."

அவர் என் முகத்தைப் பார்த்தார். பேனாவை எடுத்துக் கையெழுத்துப் போட்டார். 32 அங்குலம் அவருக்கு 48,000 ரூபாய், 40 அங்குலம் 85,000. மொத்தம் 13 லட்சம். கடைக் கட்டடத்தின் பேரில் வங்கியில் ஓவர்டிராஃப்ட் எடுத்தார். மார்ச் 9-ஆம் தேதி பில். 24 பெட்டியும் நிமிர்த்தி வைத்தபடியே போய்ச் சேர்ந்தன. அதுவரை எங்கள் கிளையிலிருந்து போன பெரிய லோடுகளில் உடைசல் இல்லாமல் போனது அது ஒன்றுதான்.

பிறகு நடந்தது கிரிக்கெட் பார்க்கும் எல்லோருக்கும் தெரியும். மார்ச் 17 அன்று இந்தியா வங்கதேசத்திடம் தோற்றது. 19-ஆம் தேதி பெர்முடாவை 257 ரன் வித்தியாசத்தில் அடித்தபோது, அண்ணாச்சி ஒரே நாளில் மூன்று டிவி விற்றார். போன் செய்து சொன்னார். 23-ஆம் தேதி இலங்கையுடன் ஆட்டம். தோற்றால் அநேகமாக வெளியே. நான் திருநெல்வேலியில்தான் இருந்தேன். மனசு கேட்காமல் பஸ் ஏறி அண்ணாச்சி ஊருக்குப் போனேன்.

கடை வாசலில் மேஜை போட்டு 40 அங்குலம் ஒன்றை வைத்திருந்தார். தெருவே கூடியிருந்தது. நூறு பேருக்குக் குறையாது. இலங்கை 254 ரன். "எடுத்திரலாம்" என்று எல்லோரும் தெம்பாக இருந்தார்கள். இந்தியா ஆடத் தொடங்கியது. டெண்டுல்கர் ஸ்டம்ப் பறந்து ரன் எடுக்காமல் போனார். கூட்டத்தில் பாதி அப்போதே கலைந்தது. தோனி வந்த வேகத்தில் முரளிதரனிடம் அவுட். "நம்ம ஆளுதாம்ல அவுட்டாக்குனது" என்று ஒரு பையன் சொல்ல, யாரும் சிரிக்கவில்லை. டிராவிட் மட்டும் நின்று 60 எடுத்தார். 185-ல் எல்லாம் முடிந்தது. அப்போது அதிகாலை இரண்டு மணிக்கு மேல் இருக்கும். தெருவில் நான், அண்ணாச்சி, கடைப் பையன், ஒரு நாய்.

அண்ணாச்சி டிவியை அணைக்கவில்லை. திரையைப் பார்த்தபடியே, "படம் நல்லாத்தான் தெரியுது" என்றார். பிறகு பையனைக் கூப்பிட்டு மேஜையை உள்ளே எடுக்கச் சொன்னார்.

மார்ச் 31 அன்று என் கிளை இலக்கைத் தாண்டி முடித்தது. 108 சதவீதம். பில் போட்டது போட்டதுதானே. ஏப்ரலில் பாங்காக்கில் விழா. சிறந்த கிளைக்கான கேடயம் எனக்குக் கொடுத்தார்கள். மேடையில் அதே வரைபடம், அதே அம்புக்குறி, இன்னும் கொஞ்சம் உயரமாக. கைதட்டினார்கள். நானும் சிரித்துக்கொண்டே வாங்கினேன். அந்தப் புகைப்படம் வீட்டில் இன்னும் இருக்கிறது.

மே 2 அன்று விலைக் குறைப்புச் சுற்றறிக்கை வந்தது. 32 அங்குலம் 6,000 ரூபாய் குறைவு. 40 அங்குலம் 12,000. அண்ணாச்சியிடம் அப்போது விற்காமல் இருந்தவை 17-ம் 3-ம். நஷ்டம் 1,38,000 ரூபாய். ஓவர்டிராஃப்ட் வட்டி மாதம் 15,000 பக்கம் தனியாக ஓடிக்கொண்டிருந்தது. விலை இறங்கினால் இருப்புக்கு நிறுவனம் கிரெடிட் நோட் தருவது வழக்கம். ஆனால் கடைசி 30 நாளில் பில் போட்ட சரக்குக்கு மட்டும். அண்ணாச்சியின் பில்லுக்கு 54 நாள் ஆகியிருந்தது.

டெல்லிக்கு மெயில் எழுதினேன். பழைய டீலர், நாணயமானவர், நம் வற்புறுத்தலில் எடுத்தவர் என்றெல்லாம் எழுதினேன். ஒரு வரியில் பதில் வந்தது. டீலருக்கு எழுத்தில் ஏதாவது உறுதி கொடுத்தீர்களா என்று கேட்டிருந்தார்கள்.

'இல்லை' என்று பதில் எழுதினேன்.

பொய்யில்லை. எழுத்தில் கொடுக்கவில்லைதான். வாயால் கொடுத்தேன் என்று இன்னொரு வரி சேர்த்திருக்கலாம். சேர்த்திருந்தால், அனுமதி இல்லாமல் வாக்குக் கொடுத்ததற்கு எனக்கு ஓலை வந்திருக்கும். அந்த வருடம் பதவி உயர்வுப் பட்டியலில் என் பெயர் இருந்தது. மகன் கல்லூரியில் சேரும் வருடம். இப்படிக் காரணங்கள் எத்தனை வேண்டுமானாலும் சொல்ல முடியும். அந்த இரண்டாவது வரியை நான் எழுதவில்லை என்பது மட்டும் மாறாது.

என் கையில் இருந்த விளம்பர பட்ஜெட்டில் 40,000 ரூபாய்க்கு அண்ணாச்சி கடைக்கு ஒரு புது விளக்குப் பலகை மாட்டிக் கொடுத்தேன். ஈடு கட்டுவதாக நினைப்பு. எங்கள் பிராண்டு பெயர் பெரிதாக, அவர் கடைப் பெயர் கீழே சின்னதாக. ரோட்டின் எதிர்ப்பக்கம் நின்று நிமிர்ந்து பார்த்தார்.

"நல்லா இருக்கு தம்பி. இந்தப் போர்டை வித்தா வட்டி கட்ட முடியுமா?" என்றார்.

கோபமாகச் சொல்லவில்லை. நிஜமாகவே கேட்பது போலத்தான் கேட்டார். அதற்கும் காபி வந்தது.

பெட்டிகளைக் கையைக் கடித்துக்கொண்டு ஒவ்வொன்றாக விற்றார். தீபாவளிக்கு முன் விலை இன்னொரு தடவை இறங்கியது. ஒரே ஒரு 32 அங்குலம் மட்டும் கடைசி வரை நின்றுபோனதாகப் பின்னால் சொன்னார். அத்துடன் எல்.சி.டி.யைத் தொடமாட்டேன் என்று முடிவு செய்துவிட்டார்.

என்ன கொடுமை என்றால், நாங்கள் சொன்னது எல்லாம் நடந்தது. 2008 ஏப்ரலில் ஐ.பி.எல். வந்தது. அதில் இந்தியா தோற்று வெளியேற வழியே கிடையாது. டிவி வியாபாரிக்கு அதைவிட நல்ல பந்தயம் ஏது? டி.டி.எச். வந்து படம் சுத்தமானது. 2009-ல் திரைக்குப் பின்னால் குழல்விளக்குக்குப் பதில் எல்.இ.டி. வைத்து, இன்னும் ஒல்லியாக்கி, 'எல்.இ.டி. டிவி' என்று புதுப் பெயர் கொடுத்தார்கள். உள்ளே இருப்பது அதே எல்.சி.டி. திரைதான். அளவுகள் 22, 24, 26 என்று வந்தன. ஷோகேஸ் குழிக்குள் டிவி நுழைந்தது. பென்டிரைவ் சொருகிச் சினிமா பார்க்க வழி வந்தது. எங்கள் ஊர்களில் அந்தச் சின்ன ஓட்டை விற்ற அளவுக்குப் படத்தின் தெளிவு விற்கவில்லை. வட்டியில்லாத் தவணை வந்தது. 2011 ஏப்ரல் 2 அன்று வான்கடேயில் தோனி அடித்த சிக்ஸரோடு இந்தியா கோப்பையை வென்றபோது, 32 அங்குலம் 25,000 ரூபாய்ப் பக்கம் இறங்கியிருந்தது. திருநெல்வேலியில் பல கடைகளில் சரக்கே இல்லை. 2007 மார்ச்சில் அண்ணாச்சியிடம் நான் வர்ணித்த அதே காட்சி, நான்கு வருடம் கழித்து அப்படியே நடந்தது.

அன்று அண்ணாச்சி கடையில் ஒரு தட்டைத் திரை டிவிகூட இல்லை. மிக்ஸி, ஃபேன், பிளாஸ்டிக் நாற்காலி, ஸ்டெபிலைசர். திருநெல்வேலியில் பெரிய ஷோரூம்கள் குளிர்சாதனத்தோடும் தவணைக் கவுண்டரோடும் வந்துவிட்டன. அவர் ஊர்க்காரர்கள் ஒரு மணி நேரம் பஸ் ஏறிப் போய் அங்கே வாங்கினார்கள். எங்களால் அவருக்கு 2007-ல் போன பணம் பெரிதுதான். ஆனால் அதைவிடப் பெரிது, நல்ல காலம் வந்தபோது துணிந்து இறங்கும் மனசு போனது. சந்தையைப் பற்றிய எங்கள் கணிப்பு சரி. மாதம் மட்டும்தான் தப்பு. அந்தத் தப்புக்குப் பணம் கட்டியவர் அவர். கேடயம் வாங்கியவன் நான்.

மேலிடத்திலும் கதை வேறு மாதிரி இல்லை என்பது பின்னால் தெரிந்தது. உலகம் முழுக்கத் தட்டைத் திரை டிவி விற்பனை ஏறிய அதே வருடங்களில்தான் சோனியின் டிவி பிரிவு ஏறத்தாழப் பத்து ஆண்டுகள் தொடர்ந்து நஷ்டத்தில் ஓடியது. பயனியர் 2009-ல் டிவி தொழிலை விட்டு விலகுவதாக அறிவித்தது. பானசோனிக் 2013-ல் பிளாஸ்மா உற்பத்தியை நிறுத்தியது. சகாய் நகரில் பத்தாம் தலைமுறை ஆலையை 2009-ல் திறந்த ஷார்ப், 2016-ல் தைவானின் ஃபாக்ஸ்கான் கைக்குப் போனது. சந்தை வளர்கிறது, வளர்கிறது என்று அவர்கள் ஆலையை நிரப்பினார்கள். நாங்கள் டீலரின் கோடவுனை நிரப்பினோம். வித்தியாசம் ஒன்றே ஒன்று. அவர்களுக்கு நஷ்டத்தை எழுதிக் கழிக்க வேறு பிரிவுகள் இருந்தன. அண்ணாச்சிக்குக் கடைக் கட்டடம்தான் இருந்தது.

2013-ல் இன்னொரு வேடிக்கை. சிங்கப்பூர், துபாய், பாங்காக்கிலிருந்து வருகிறவர்கள் விமானத்திலேயே டிவி கொண்டுவருவார்கள். திருச்சி விமான நிலையத்தில் பெல்ட்டில் பெட்டியாக டிவி சுற்றி வரும். ரூபாய் மதிப்பு விழுந்துகொண்டிருந்த அந்த ஆகஸ்டில், 26-ஆம் தேதி முதல் அப்படிக் கொண்டுவரும் டிவிக்கு 36.05 சதவீதம் வரி என்று அரசு அறிவித்தது. எங்கள் அலுவலகத்தில் இனிப்புக் கொடுத்தார்கள். நான் அப்போது சென்னையில், பதவி உயர்வோடு. மறுவருடம் ஓய்வு பெற்றேன்.

2016-ல் ஒரு கல்யாணத்துக்காக அந்தப் பக்கம் போனேன். கடைவீதியில் இறங்கியபோது முதலில் கண்ணில் பட்டது அந்த விளக்குப் பலகை. எங்கள் பிராண்டு பெயர் மேல் பெயின்ட் அடித்து, மொபைல் ரீசார்ஜ் என்று எழுதியிருந்தது. கீழே இருந்த கடைப் பெயர் அப்படியே. கல்லாவில் அவர் மகன். "அப்பா வீட்ல இருக்காவ" என்று பையனை வழி காட்ட அனுப்பினார்.

அண்ணாச்சி இளைத்திருந்தார். என்னைப் பார்த்ததும் எழுந்திரிக்கப் பார்த்தார், நான் விடவில்லை. "வாங்க தம்பி" என்றார். அந்தத் 'தம்பி' இன்னும் அப்படியே இருந்தது. எதிர்ச் சுவரில் 32 அங்குல டிவி ஒன்று ஓடிக்கொண்டிருந்தது. ஓரத்தில் கறுப்புச் சட்டம், தடித்த உடம்பு. பார்த்தவுடன் தெரிந்துவிட்டது.

"அதுதான். கடைசி ஒண்ணு. வீட்டுக்குத் தூக்கிட்டு வந்துட்டேன்" என்றார். "ஒம்பது வருஷம் ஆச்சு. ஒரு தடவைகூட ரிப்பேர் கிடையாது. கரண்டு எப்படியெல்லாம் வந்துச்சு, தாங்கிட்டு. சரக்கு மேல நான் ஒரு குத்தமும் சொல்ல மாட்டேன், தம்பி."

சரக்கு மேல் என்று அவர் அழுத்திச் சொன்னாரா, எனக்கு அப்படிக் கேட்டதா, தெரியவில்லை. அன்று அந்த மெயில் பற்றிச் சொல்லிவிட வேண்டும் என்றுதான் போனேன். தொண்டை வரை வந்தது. "அண்ணாச்சி, அன்னைக்கு டெல்லியில கேட்டாங்க..." என்று தொடங்கினேன்.

"அத விடுங்க. காபி ஆறுது" என்றார்.

டிவியில் ஏதோ சீரியல். வழக்கம்போல முகமெல்லாம் உப்பிப்போய் இருந்தது. ஒன்பது வருடமாக அந்தப் பொத்தானை யாரும் அழுத்தவே இல்லை போலிருக்கிறது. எனக்குக் கை சும்மா இருக்கவில்லை. ரிமோட்டை எடுத்துப் படத்தைச் சரியான அளவுக்கு மாற்றினேன். முகங்கள் சரியாயின. இரண்டு பக்கமும் கறுப்புப் பட்டை விழுந்தது.

அண்ணாச்சியின் வீட்டுக்காரம்மா அடுக்களையிலிருந்து எட்டிப் பார்த்தார்கள். "அய்யோ, ரெண்டு பக்கமும் கொறஞ்சு போச்சே. பழையபடியே வச்சிருங்க தம்பி. காசு குடுத்தது திரை பூராவுக்கும்லா" என்றார்கள்.

பழையபடியே வைத்துவிட்டு வந்தேன்.